கால் இல்லாத பூனை

அக்காவைக் கட்டியவர் பதிப்பகம் நடத்துகிறார், படம் வரையும் தங்கைக்கு யோகம்தான் என்று எல்லாரும் சொன்னார்கள். யோகம்தான், யாருக்கு என்பதில்தான் தகராறு. குறும்புப் பூனைக் கதைகள் ஆறு வந்துவிட்டன. பூனையை வரைந்து பெற்றவள் அவள். அட்டையில் அத்தானின் பதிப்பகப் பெயர் மட்டும் கொட்டை எழுத்தில் இருக்கும். படத்தின் அடியில் அவள் போடும் கையெழுத்தை, அச்சகத்தில் ஒரு பட்டையாக வெட்டி எறிந்துவிடுவார்கள்.

ஒரு நாள் தெருவில் யாரோ ஒரு குழந்தையின் பள்ளிக்கூடப் பையில் அதே பூனை போனது. அவள் பார்த்துவிட்டாள். நேரே பதிப்பகத்துக்குப் போனாள்.

"என் பூனைய யாரைக் கேட்டுப் பை கம்பெனிக்கு வித்தீங்க அத்தான்? அட்டையில என் பேராவது வேணாமா?"

"குழந்தைங்க பூனையத்தான் பாக்கும். உன் பேரையா பாக்கப் போகுது?" அத்தான் கணினியிலிருந்து தலையைக்கூடத் தூக்கவில்லை.

அக்கா போனில் தன் பங்குக்கு ஆரம்பித்தாள். "குடும்பத்துக்குள்ள என்னடி உரிமை, சட்டம்னு? விட்டுக்குடேன்."

"விட்டுக்குடுத்து விட்டுக்குடுத்துத்தான் பூனை பை வரைக்கும் போயிடுச்சு."

ஏழாவது புத்தகத்தின் அட்டையில் பூனையை மதில்மேல் நிறுத்தினாள். ஆனால் எந்தப் பக்கம் குதிப்பது என்பதில் அவளுக்குக் குழப்பமே இல்லை. மதிலுக்குச் செங்கல் வைக்கவில்லை. வழக்கமாக வெட்டும் அடிப்பட்டையில் தன் பெயரின் எழுத்துகளை அடுக்கி, பூனையின் நாலு கால்களையும் அவற்றுக்குள் அழுத்தி ஊன்ற வைத்தாள். 'அடியில் வெட்டக் கூடாது' என்று எழுதியும் அனுப்பினாள்.

அத்தான் அதைப் படித்துச் சிரித்தார். படத்தைத் திறந்து பார்க்கவில்லை. "வழக்கம்போல வெட்டிடுப்பா" என்று அச்சகத்துக்குச் சொல்லிவிட்டார்.

புத்தகம் கடைகளுக்குப் போனதும் போன் மேல் போன். எல்லாக் கடைக்காரர்களும் கேட்டது ஒன்றுதான்: "சார், பூனைக்குக் கால் எங்க?"

அத்தான் அவள் வீட்டுக்கே ஓடிவந்தார். "உன் பூனைக்குக் கால் எங்கம்மா?" இத்தனை வருஷம் வராத 'அம்மா' அன்றைக்கு வந்தது.

"இப்பதான் என் பூனையா? அது என் பேர்மேல நின்னுட்டிருந்துச்சு. நீங்கதான் வெட்டினீங்க."

"வேற ஆள வெச்சுக் கால் போட்டுக்கறேன், போ."

"போடுங்க. அந்தக் கால்ல அது நேரா கோர்ட்டுக்குத்தான் நடக்கும்."

அத்தான் நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். "அட்டை முழுக்கத் திரும்ப அடிக்கணுமே!"

"அடிங்க, என் பேரோட. பையிலயும்தான்."