திறந்து மூடினார்கள்

மாமாவை ஆபரேஷன் தியேட்டருக்குள் தள்ளிக்கொண்டு போனபோது, சாயங்காலம் ஆகிவிடும் என்று சொல்லித்தான் போனார்கள். கணையத்தில் கட்டி. அதை எடுக்க வேண்டுமென்றால் அதை ஒட்டிய குடல், பித்தப்பை என்று அக்கம்பக்கத்தையும் வெட்டியெடுத்து, மிச்சத்தை ஒன்றோடொன்று தைக்க வேண்டுமாம். "பெரிய ஆபரேஷன்மா, பொறுமையா இருக்கணும்" என்றார் டாக்டர் சித்தார்த்தன். பொறுமை எனக்குப் பிறவியிலேயே கிடையாது. என் அக்கா பாஞ்சாலிக்கும் கிடையாது, ஆனால் அன்றைக்கு எங்கிருந்தோ கடன் வாங்கி வந்தவள் போல வராந்தா பெஞ்சில் அசையாமல் உட்கார்ந்திருந்தாள்.

அக்கா சாஸ்திரி நகர் முனையில் மீன் விற்கிறாள். அவள் புருஷன் நெடுஞ்செழியன், அதாவது என் மாமா, ஊரூர் குப்பத்து லாசர் அண்ணனோடு கூட்டாக ஃபைபர் போட்டில் கடலுக்குப் போகிறவர். நான் அன்புச்செல்வி. தி.நகரில் ஒரு ஜவுளிக்கடையில் பட்டுப்புடவைப் பிரிவில் நாள் முழுக்க நின்றுகொண்டிருப்பவள். எங்கள் குடும்பத்தில் காலேஜ் வாசலை மிதித்தவள் நான் ஒருத்திதான் என்பதால், ஆஸ்பத்திரி, ரேஷன் கார்டு, பேங்க் என்று இங்கிலீஷ் வாடை அடிக்கும் எதுவானாலும் என் தலையில்தான் வந்து விழும்.

மாமாவின் கண் மஞ்சளானபோது குப்பமே கூடி வைத்தியம் பார்த்தது. கீழாநெல்லியை அரைத்து மோரில் கொடுத்தார்கள். "மஞ்ச காமாலைக்கு இங்கிலீசு மருந்து ஆவாது" என்று வருகிறவர் போகிறவர் எல்லாம் சொன்னார்கள். நான் கத்தினேன். கத்தியதற்கு, "கட்டிக்குடுக்காம வச்சிருக்காங்க, அதான் எரிஞ்சு வுழுவுது" என்று பேர் வாங்கினேன். மாமாவின் உடம்பு பாதியாகி, அரிப்பில் தோலெல்லாம் கீறல் விழுந்த பிறகுதான் அடையாறில் உள்ள இந்த ஆஸ்பத்திரிக்கு வந்தோம். எடுத்துவிடக் கூடிய கட்டி மாதிரிதான் ஸ்கேனில் தெரிகிறது, திறந்து பார்த்தால்தான் உறுதியாகச் சொல்ல முடியும் என்றார்கள். அக்கா முதல் பாதியைக் கேட்டுக்கொண்டாள். இரண்டாம் பாதி அவளுக்கு வேண்டாதது.

அந்த வராந்தாவில் ஒரு வழக்கம் உண்டு. ஆபரேஷன் நடந்துகொண்டிருக்கும்போதே கதவைத் திறந்து நோயாளியின் பேரைக் கூப்பிடுவார்கள். வீட்டு ஆள் எழுந்து ஓடினால், ஸ்டீல் தட்டில் வைத்து, வெட்டி எடுத்த கட்டியைக் காட்டுவார்கள். எடுத்துவிட்டோம், நீங்களே பாருங்கள் என்று அர்த்தம். அன்று காலை திருவான்மியூரிலிருந்து வந்த ஒரு பையனைக் கூப்பிட்டுக் காட்டினார்கள். பாவம், பார்த்துவிட்டு வந்து சுவரோரமாகக் குந்திவிட்டான். அவன் அம்மாவோ அழுதுகொண்டே சிரித்தாள்.

"எனக்கும் காட்டுவாங்க இல்ல?" என்று கேட்டாள் அக்கா.

"காட்டுவாங்க. நீ பாக்காத, நான் பாத்துக்கிறேன்."

"அட போடி. பொழுதுக்கும் குடல உருவிக்கினு கீறேன். இத்தப் பாத்தா மயக்கம் வரப்போவுது? நான்தான் பாப்பேன். பாத்து, தூன்னு துப்பிட்டு வரணும்."

நான் கேன்டீனில் இட்லி வாங்கிவந்து, அவளைத் தின்னவைத்து, டப்பாவைக் கழுவிக்கொண்டு வருவதற்குள் கதவு திறந்தது. "நெடுஞ்செழியன் அட்டெண்டர் யாரு?"

சாயங்காலம் என்றார்களே, இன்னும் மத்தியானம்கூட ஆகவில்லையே. அக்காவின் முகத்தைப் பார்த்தேன். அவள் முகம் மலர்ந்திருந்தது.

"முடிஞ்சிடுச்சாம்மா?" என்று நர்ஸிடம் கேட்டாள்.

"முடிஞ்சிடுச்சு. டாக்டர் பேசணும்னாரு. ஒருத்தர் மட்டும் வாங்க."

"பாத்தியாடி! இதுக்குள்ள முடிச்சிட்டாங்க!" என்று என் கையைப் பிடித்து உலுக்கினாள். எனக்கு முதலில் விளங்கவே இல்லை. பிறகுதான் புரிந்தது. கரையில் நிற்கிற பொம்பளைகளுக்கு, கடலுக்குப் போன போட்டு சீக்கிரம் திரும்பினால் சந்தோஷம். வலை போட்ட மாத்திரத்தில் நிறைந்துவிட்டது, நல்ல மீன்பாடு, ஏலத்தில் முதல் கூடை நம்முடையது என்று அர்த்தம். எஞ்சின் கெட்டாலும்தான் போட்டு சீக்கிரம் திரும்பும், ஆனால் கரையில் எவளும் அதை முதலில் நினைப்பதில்லை. நினைத்தாலும் சொல்வதில்லை. என் அக்கா பிறந்ததிலிருந்து அந்தக் கரையில் நிற்கிறவள்.

"நீ போய்ப் பேசு. நான் லாசரண்ணனுக்குச் சொல்லிடறேன், காலைலேர்ந்து துடிச்சிக்கினு கீறாரு" என்று போனை எடுத்தாள். கொஞ்சம் பொறுக்கா என்று சொல்ல வாயெடுத்தேன். நர்ஸ் அவசரப்படுத்தினாள்.

உள்ளே டாக்டர் தொப்பியைக்கூடக் கழற்றவில்லை. பக்கத்தில் நின்ற சின்ன டாக்டரம்மா யாருக்கோ போனில் சொல்லிக்கொண்டிருந்தாள். "ஐ.சி.யூ. பெட் வேணாம் சிஸ்டர். ஓப்பன் அண்ட் க்ளோஸ். வார்டுக்கே அனுப்பறோம்." மழை வருகிறது, குடை எடுத்துக்கொள் என்று சொல்லும் அதே குரல்.

"அப்படின்னா என்ன சார்?" என்று கேட்டேன்.

டாக்டர் அந்தப் பெண்ணை ஒரு பார்வை பார்த்தார். அவள் போனோடு வெளியே போய்விட்டாள். "உக்காருங்கம்மா" என்றார்.

"நின்னே பழக்கம் சார். சொல்லுங்க."

"வயித்தத் திறந்தோம். ஈரல் மேலயும் குடலச் சுத்தியும் சின்னச் சின்னதா பரவியிருக்கு. ஸ்கேன்ல தெரியாத அளவு பொடிப்பொடியா. இந்த நிலைமையில கட்டிய எடுத்தாலும் பிரயோஜனம் இல்ல. எடுக்கப் போனா டேபிள்லயே உயிர் போயிடலாம். அதனால சோதனைக்குக் கொஞ்சம் கிள்ளி எடுத்துட்டு, மூடிட்டோம். அதத்தான் அப்படிச் சொல்லுவோம்."

"கட்டி?"

"உள்ளதான் இருக்கு."

எனக்கு அந்த நேரத்தில் கடைதான் ஞாபகத்துக்கு வந்தது. வெட்கமாக இருந்தது, ஆனால் அதுதான் வந்தது. ஒருத்தி புடவையை முந்தி வரைக்கும் பிரித்துப் பார்ப்பாள், வேண்டாம் என்பாள், நாங்கள் மடித்து வைப்போம். புடவைக்கு ஒன்றும் ஆகாது.

மஞ்சளுக்கும் அரிப்புக்கும் வழி இருக்கிறது, பித்தக் குழாயில் ஒரு ஸ்டென்ட் வைத்தால் குறையும், அப்புறம் கீமோ கொடுத்துப் பார்க்கலாம், உடம்பு தாங்கினால் சில மாதங்கள் என்றெல்லாம் சொன்னார். நல்ல மனுஷன்தான். நல்ல மனுஷன் என்பதால் அவரைத் திட்டவும் முடியவில்லை.

வெளியே வந்தபோது அக்கா எழுந்து நின்றுகொண்டிருந்தாள். தலையை முடிந்து, முந்தானையைச் சரிசெய்து, தட்டைப் பார்க்கத் தயாராக நின்றாள்.

"எங்கடி? கூப்பிடுவாங்களா, நானே உள்ள போவணுமா?"

"க்கா, உக்காரு."

"லாசரண்ணன் சர்ச்சுல மெழுவத்தி ஏத்திட்டு வரேன்னாரு. நம்மாளுங்க எல்லையம்மனுக்குத் தேங்கா ஒடைக்கறாங்க. பக்கத்துக் கடை ருக்சார்கூட என் கடையப் பாத்துக்கிறேன், நீ இருந்து கூட்டியான்னா. இன்னாடி, மூஞ்சி ஏன் இப்படிக் கீது?"

சொன்னேன். எனக்குச் சுற்றி வளைத்துப் பேச வராது. டாக்டர் சொன்ன வரிசையிலேயே சொன்னேன். திறந்தார்கள், பார்த்தார்கள், மூடினார்கள்.

அவள் அழவில்லை. என்னைத்தான் முறைத்தாள். "இன்னா ஒளர்ற? அம்மாம் பெரிய கத்தி வச்சி வயித்தக் கிழிப்பானுங்களாம், கிழிச்சிட்டு ஒண்ணும் எடுக்காம தெச்சிடுவானுங்களாம். எந்த ஊர்ல கீது இந்த நாயம்? நீ கேட்டது தப்பு."

நர்ஸ் தடுக்கத் தடுக்கக் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள். நானும் பின்னாலேயே ஓடினேன். டாக்டர் காலில் விழுவாள் என்று நினைத்தேன். விழவில்லை. மீனுக்கு விலை பேசுகிறவளாகவே நிமிர்ந்து நின்று கேட்டாள்.

"சார், இன்னொரு தபா தொறங்க. முன்ன அவசரமா மூடிட்டீங்க போல. நிதானமா பாருங்க. பாதியாவது எடுங்க சார். பாதி எடுத்தாக்கூட போதும்."

"பாதி எடுக்கறதுல அர்த்தம் இல்லம்மா. எத்தன தடவ திறந்தாலும் இதேதான். அவருக்கு வலிதான் மிச்சம்."

அக்கா சுற்றுமுற்றும் பார்த்தாள். மேஜை, வாஷ்பேசின், டிராலி. தட்டைத்தான் தேடினாள் என்று எனக்குத் தெரியும். எங்களுக்குக் காட்ட அவர்களிடம் ஒன்றும் இல்லை. அவளை இழுத்துக்கொண்டு வெளியே வந்தேன். படிக்கட்டில் உட்கார்ந்து ஒரு மூச்சு அழுதாள். பிறகு மூக்கைச் சிந்தி, என்னிடம் சொன்னாள். "இந்தா பாரு. நீ யாரண்டயும் வாயத் தொறக்காத. குப்பத்துல ஒருத்தருக்கும் தெரியக் கூடாது. நான் சொல்லிக்கிறேன் அந்தாளுக்கு."

மாமாவுக்கு அன்று மாலை நன்றாக நினைவு திரும்பியது. வார்டில் மின்விசிறிக்குக் கீழே, உதடு காய்ந்து படுத்திருந்தார். அடுத்த கட்டில்காரர் வீட்டாருக்குக் கட்டியைக் காட்டிய கதையை எவரோ சொல்லியிருக்க வேண்டும். அவர் கேட்ட முதல் கேள்வியே அதுதான்.

"இன்னாமே, உனக்குக் காட்டினாங்களா?"

"காட்டாம? நான்தான் பாத்தேன்."

"எவ்ளோ பெருசு?"

அக்கா தன் கையை மடக்கி முஷ்டியைக் காட்டினாள். "இவ்ளோய்யா. கருப்பா, அசிங்கமா. துப்பிட்டு வந்தேன்." என்னைப் பார்க்காமல் சொன்னாள். மாமா கண்ணை மூடி, "விட்டுது சனியன்" என்றார். நான் வராந்தாவுக்குப் போய், யார் மேல் என்று தெரியாத கோபத்தில் சுவரைக் குத்தினேன். கைதான் வீங்கியது.

அடுத்த வாரம் ஸ்டென்ட் வைத்தார்கள். அடைத்திருந்த பித்தம் இறங்க, மாமாவின் மஞ்சள் நாளுக்கு நாள் குறைந்தது. அரிப்பு போனது. கண் வெளுத்தது. வீட்டுக்கு வந்தபோது குப்பத்தில் ஆரத்தி எடுத்தார்கள். பார்க்க வந்தவர்களுக்கெல்லாம் சட்டையைத் தூக்கி வயிற்றுத் தையலைக் காட்டினார். அந்தத் தழும்பைப் பார்த்தவர்கள் எவரும் சந்தேகப்படவில்லை. அவ்வளவு நீளமான தழும்புக்கு உள்ளே ஒன்றும் நடக்கவில்லை என்று யார் நம்புவார்கள்? ஒரு கட்டத்தில் எனக்கே சந்தேகம் வந்துவிட்டது. அக்காவோ அதை நம்பவே ஆரம்பித்துவிட்டாள். கீமோ ஊசிக்குப் போகும்போது, "மிச்சம் மீதி இருந்தா கரையறதுக்கு" என்று அவரிடம் சொல்வாள். என்னிடமும் அப்படியே சொல்வாள். நான் வாயை மூடிக்கொண்டேன். அவள் தினமும் சோறு வடித்துப் பரிமாறிவிட்டு அவர் தின்பதைப் பார்த்துக்கொண்டிருக்கும்போது, நான் எதைப் பேசுவது?

லாசர் அண்ணன்தான் இன்னும் மோசம். "மச்சி வர்ற வரைக்கும் அவன் எடம் அவனுக்குத்தான்" என்று சொல்லிவிட்டு, ஒரு ஆள் குறைவாகவே கடலுக்குப் போய்வந்தார். வலை இழுக்க ஆள் போதாமல் தோள் வீங்கி வந்தார். எத்தனையோ பேர் வேலை கேட்டார்கள், அவர் எவரையும் ஏற்றவில்லை.

கோடை முடிவதற்குள் கண் மறுபடி மஞ்சளானது. கீமோ வேலை செய்யவில்லை என்று நிறுத்திவிட்டார்கள். முதுகில் வலி. தின்றது தங்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை நான் போனபோது, மாமா குளித்து, சலவைச் சட்டை போட்டு, விபூதி வைத்து, நாற்காலியில் தயாராக உட்கார்ந்திருந்தார்.

"வா செல்வி. ஆஸ்பத்திரிக்குப் போவணும். கொஞ்சம் மிச்சம் வுட்டுட்டாங்க போல கீது. இன்னொரு தபா தொறந்து அதையும் எடுக்கச் சொல்லு. அன்னிக்கித் தாங்கிக்கினேன், இப்பத் தாங்க மாட்டேனா?"

அக்கா அடுப்படியிலிருந்து வந்தாள். கையில் கரண்டி. நான் அவளைப் பார்த்தேன். நான் சொல்லட்டுமா என்று கண்ணாலேயே கேட்டேன். அவள் தலையை ஆட்டி மறுத்துவிட்டு, அவர் காலடியில் உட்கார்ந்தாள்.

"எடுக்கலய்யா."

"இன்னாது?"

"எதுவுமே எடுக்கல. தொறந்தாங்க, பாத்தாங்க, எல்லா எடத்துலயும் கீதுன்னு மூடிட்டாங்க. அன்னிக்கே."

"நீ பாத்தேன்னியே. இவ்ளோன்னு கையக் காட்டினியே."

"எனக்கு ஒண்ணும் காட்டல. காட்டுவாங்க காட்டுவாங்கன்னு நின்னேன். காட்டல."

மாமா கத்துவார் என்று எதிர்பார்த்தேன். கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும், நானும் சேர்ந்து கத்தியிருப்பேன். அவர் சட்டைப் பொத்தான்களை மெதுவாகக் கழற்றினார். தழும்பைத் தடவினார். அக்கா அவர் முழங்காலில் முகத்தை வைத்து அழுதாள். அவள் தலைமேல் கையை வைத்தார். பிறகு என்னைக் கூப்பிட்டார்.

"லாசருக்குப் போன் போடு. நாளைலேர்ந்து என் எடத்துல வேற ஆள ஏத்திக்கச் சொல்லு."

போட்டேன். பேசுகிறவர் அவர்தான் என்று நினைத்து ஸ்பீக்கரில் வைத்து நீட்டினேன். அவர் வாங்கிக்கொள்ளவில்லை. நான்தான் பேச வேண்டியதாயிற்று. "அண்ணா, மாமா சொல்லச் சொன்னாரு... அவர் எடத்துக்கு வேற ஆளப் பாத்துக்கோங்கன்னு..." அதற்கு மேல் எனக்கு வரவில்லை. எனக்கா வராது!

மறுமுனையில் கரை இரைச்சல், யாரோ மீன் ஏலம் கூவும் சத்தம். லாசர் அண்ணன் சிரித்தார்.

"இன்னா செல்வி, டாக்டரு இன்னும் கொஞ்ச நாள் போவட்டும்னு சொன்னாரா? அதுக்கா மச்சி கோச்சுக்கிறான்? எவ்ளோ நாள் ஆனாலும் எடம் கீதுன்னு சொல்லு. அதான் எல்லாத்தையும் எடுத்துட்டாங்களே, இன்னா அவசரம்?"

நான் மாமாவைப் பார்த்தேன். அவர் பொத்தான்களை மறுபடி போட்டுக்கொண்டிருந்தார்.