மின்சாரம் ஏற்றி வந்த பேருந்து

புயல் அடித்து ஓய்ந்த மூன்றாம் நாள் காலை. ஊர் முழுக்க மின்சாரம் இல்லை. சாலையெங்கும் மரங்கள் விழுந்து கிடந்ததால் பேருந்துகளும் ஓடவில்லை. பேருந்து ஓட்டுநரான அவள், பணிமனையில் சும்மா நின்ற தன் வண்டியைத் துடைத்துக்கொண்டிருந்தபோது, விட்டு விட்டு வந்த சிக்னலில் அத்தான் போன் செய்தார்.

“உங்கக்காவுக்கு நேத்தே டயாலிசிஸ் பண்ணியிருக்கணும். இங்க ஆஸ்பத்திரியில ஜெனரேட்டரும் படுத்துடுச்சும்மா. அவளுக்கு மூச்சு வாங்குது.”

 அவள் கண் தானாக வண்டியின் திரைக்குப் போனது. பேட்டரி தொண்ணூற்றாறு சதவீதம். சத்தமே போடாத இந்தப் புது மின்சார வண்டிக்கு ஓட்டுநர்கள் வைத்த பெயர் ஊமை. விழுந்தடித்துக்கொண்டு மெக்கானிக்கிடம் ஓடினாள்.

“அண்ணே, ஊமையிலிருந்து வெளியே கரண்ட் எடுக்கலாம்னு பயிற்சியில சொன்னாங்களே, நெஜமாவா?”

“எடுக்கலாம். அதுக்குன்னு ஒரு பெட்டி வந்திருக்கு. இன்னும் பிரிக்கக்கூட இல்ல.”

“பிரிங்கண்ணே! ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகணும்!”

சத்தம் கேட்டு வந்த பணிமனை மேலாளர் தலையைச் சொறிந்தார். “மேலிடத்துல கேக்கணுமே. போனே போக மாட்டேங்குது.” நாலு தடவை முயன்றுவிட்டு, மரம் அறுக்கும் வாளைத் தூக்கிக்கொண்டு அவரே வண்டியில் ஏறினார். “நடங்க. திட்டு விழுந்தா மூணு பேரும் பங்கு போட்டுக்கலாம்.”

பத்து நிமிட வழிக்கு ஒரு மணி நேரம் பிடித்தது. இரண்டு இடத்தில் மேலாளர் சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டுக் கிளைகளை அறுத்தார். தெருவில் நின்றவர்கள் கேட்காமலே வந்து கை கொடுத்தார்கள்.

மருத்துவமனை வாசலில் வண்டியை ஒட்டி நிறுத்தினாள். மெக்கானிக்கும் அங்கிருந்த எலக்ட்ரீஷியனும் மின்வாரிய இணைப்பைத் துண்டித்துவிட்டு, பெட்டியிலிருந்து ஒயரை இழுத்து மாட்டினார்கள்.

“போடும்மா!”

அவள் பொத்தானை அமுக்கினாள். உள்ளே விளக்கு பளிச்சென்று எரிந்தது. மூன்று டயாலிசிஸ் இயந்திரங்களும் ஒன்றன்பின் ஒன்றாகக் கூவின. நர்ஸ் குழந்தைபோல் கைதட்டிக் குதித்தாள். அத்தான் சுவரில் சாய்ந்து அழுதுவிட்டார்.

முகம் வீங்கிப் படுத்திருந்த அக்கா, ஜன்னல் வழியே பார்த்துவிட்டு மூச்சிரைக்கக் கேட்டாள்: “பஸ்ஸ கட்டில்கிட்டயே கொண்டாந்துட்டியா? டிக்கெட் எடுக்கணுமாடி?”

“வாய மூடிட்டுப் படு” என்றாள் தங்கை. சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன.

நாலு மணி நேரத்தில் அக்காவின் மூச்சு சீரானது. மாலைக்குள் ஆறு பேருக்கு முடிந்திருந்தது. பேட்டரியில் பாதிக்கு மேல் அப்படியே இருந்தது. தெருக்காரர்கள் போனுக்குச் சார்ஜ் ஏற்ற வண்டிக்குள் வரிசை கட்டினார்கள்.

மேலிடம் திட்டவில்லை. ஒரே மாதத்தில், பேருந்தை மாட்டுவதற்கென்றே மருத்துவமனைச் சுவரில் ஓர் இணைப்பு வைத்துக் கொடுத்தது. இப்போதெல்லாம் புயல் எச்சரிக்கை வந்தால் பணிமனைப் பலகையில் ‘மருத்துவமனை டூட்டி’ என்று தனியாக எழுதுகிறார்கள். அதற்கு ஓட்டுநர்களிடையே அடிதடி.

“ஒரு தடவ எனக்கு விட்டுக் குடேன்” என்று கெஞ்சுகிறவர்களிடம் அவள் பிடிகொடுப்பதே இல்லை.