பெரியவருக்கு நான்கு கால்கள்

திருவிதாங்கூர்-கொச்சி ராஜ்யத்தில் செல்வதாஸ் அறியாத கொடிய மிருகம் கிடையாது. சிங்கம் அவனுக்குப் பூனை, முதலை பல்லி. இதை அவனே என்னிடம் சொன்னான், வடசேரி சந்தையில் ஒரு தெருநாய்க்கு வழிவிட்டு ஒதுங்கி நின்றபடி.

கல்லூரியில் என் பக்கத்தில் உட்காருகிறவன். சிறுவர்களுக்கு ‘நம் காட்டு விலங்குகள்’ என்று ஒரு புத்தகம் எழுதியிருந்தான். முன்னுரை இப்படித் தொடங்கும்: ‘பெயரைச் சொன்னால் மிருகம் வந்துவிடும் என்று மலையில் சில மடையர்கள் நம்புகிறார்கள். குழந்தைகளே, நீங்கள் உரக்கச் சொல்லுங்கள்: யானை!’

தக்கலையில் அச்சகம் வைத்திருந்த பகவதியப்பன் கையெழுத்துப் பிரதியைப் புரட்டினார். “ஒண்ணையாவது கண்ணால பாத்துட்டு வாரும். பொறவு அச்சடிப்போம்.”

ஆகவே கீரிப்பாறைக்கு பஸ் ஏறினோம். காட்டுக்குள் போக ரப்பர் தோட்டத்து சூப்பிரண்டின் அனுமதி வேண்டும். அவர் மலைமேலே போயிருப்பதாகச் சொன்னார்கள். பால்வெட்டுகிற சகாயம் எங்களைக் கூட்டிப் போனான். வழியெல்லாம் செல்வதாஸ் அவனுக்கு முன்னுரையை வாசித்துக் காட்டினான்.

“நீயும் அந்த மடையர்ல சேத்தியா மக்கா?”

“சேத்திதான் சாறே.”

மூங்கில் புதர் ஒன்றின் அருகே சகாயம் சட்டென்று நின்றான். வாயில் விரலை வைத்து, குரலைத் தாழ்த்தினான். “பெரியவரு நிக்காரு. மிண்டாதிய.”

மலைக்காரர்கள் பெயரைச் சொல்வதில்லை என்பது செல்வதாஸுக்குத் தெரியும். அதற்குப் பதிலாக என்ன சொல்வார்கள் என்பது அவன் புத்தகத்தில் இல்லை. சூப்பிரண்டுதான் என்று நினைத்தான். சட்டையின் மேல் பொத்தானைப் போட்டான். தலையைச் சீவினான்.

“நமஸ்காரம் சார்” என்று புதரைப் பார்த்து உரக்கக் கூவினான்.

பதில் மரியாதை உடனே வந்தது. மூங்கில் பிளந்தது. சகாயம் எங்கள் இருவரையும் ஓடைக்குள் தள்ளினான். அவன் குதிப்பதற்குள் வலது கால் அகப்பட்டுக்கொண்டது.

ஆசுபத்திரியில் முழங்காலுக்கு மேலே எடுத்தார்கள். அடுத்த திங்கட்கிழமை அவன் மரங்களில் வேறொருவன் பால் வெட்டினான்.

“யாரைக் கூப்பிட்டிய சாறே?” என்று கேட்டாள் சகாயத்தின் மனைவி பூங்கனி. செல்வதாஸ் தன் கைக்குட்டையின் ஓரத் தையலைக் கவனித்துக்கொண்டிருந்தான்.

பகவதியப்பனுக்குத் திருப்தி. கண்ணால் பார்த்தாகிவிட்டது. புத்தகம் வெளிவந்தது, ஒரு பிரதி சகாயத்துக்கு இலவசமாகப் போயிற்று. எனக்கு வந்ததில் முன்னுரையைத் தேடினேன், இல்லை. யானை என்ற சொல்லைத் தேடினேன், அதுவும் எங்கும் இல்லை.

ஏழாம் பாடம் இப்படித் தொடங்கியது: ‘பெரியவர் தழை உண்பார். பெரியவருக்கு நான்கு கால்கள்.’