குப்பம்மாள் என்ற பெயருக்குப் பொருள்

காசிராஜன் பண்டிதருக்கு அலுப்பு என்றால் சாதாரண அலுப்பில்லை. பகலெல்லாம் பள்ளிக்கூடத்தில் இலக்கணம் சொல்லிக் கத்திவிட்டு, சாயங்காலம் ஜெயசிங்கின் அச்சாபீசில் புரூப் பார்க்க உட்கார்ந்தால், அங்கே காத்துக் கிடந்தது ‘குழந்தைப் பெயர் விளக்கம்’. ஆயிரத்துச் சொச்சம் பெயர்கள். ஒவ்வொன்றும் எங்கிருந்து வந்தது, என்ன பொருள் என்று ஜெயசிங்கே எழுதியிருந்தார். எழுதினாரா? அளந்து தள்ளியிருந்தார்! இசக்கி என்றால் இசைக்கு அரசியாம். உச்சிமாகாளி இமயமலை உச்சியிலிருந்து இறங்கி வந்த பெயராம்.

“என்ன வே, வாய்க்கு வந்ததெல்லாம் எழுதி வச்சிருக்கீரு?”

“ஆடித் தபசுத் திருவிழாவுக்குள்ள புஸ்தகம் கடைக்கு வரணும் பண்டிதரே. தப்பிருந்தா அடிச்சுத் திருத்தும். அதுக்குத்தான உம்மக் கூப்பிட்டது.”

பண்டிதர் அடித்தார், திருத்தினார். ‘அ’ வரிசையில் அறிவழகன் வந்தபோது மட்டும் பேனா நின்றுவிட்டது. ‘அறிவால் அழகு பெற்றவன், தூய தமிழ்ப் பெயர்.’ ஒரு குற்றமும் சொல்ல முடியாது. சரி என்று குறி போட்டுவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்தார்.

‘கு’ வரிசைக்கு வர மூன்று நாள் ஆயிற்று. ‘குப்பம்மாள்: குபேரன் வழி வந்த பெயர், செல்வம் உடையவள்.’ அவருக்கு எரிச்சல் மண்டைக்கு ஏறியது. ஒரே கோட்டில் அடித்துவிட்டு, ‘குப்பை என்பதிலிருந்து வந்தது, இழிவான பெயர்’ என்று ஓரத்தில் எழுதினார்.

அந்தப் பெயர்க்காரி அவருக்குப் பின்னால்தான் உட்கார்ந்து, அச்சான தாள்களை மடித்துக்கொண்டிருந்தாள். பத்து வருஷமாக அங்கே தாள் மடிக்கிறாள். ஓர் எழுத்துத் தெரியாது.

“வாத்தியாரய்யா, என் பேரு வந்துட்டா?”

“வந்துட்டு. எதுக்குக் கேக்க?”

“என் மகளுக்கு ரெண்டாவதும் பொம்பளப்பிள்ளை. மூத்ததுக்கு அவ மாமியா பேரு விட்டாச்சு. இதுக்கு என் பேருதான் விடணும், அதான முறை? மருமகன் மருதப்பன் நாலெழுத்துப் படிச்சவன். பிள்ளைக்குப் போயி குப்பைன்னா பேரு வைக்கதுன்னு கேக்கான். புஸ்தகத்துல என்ன போட்டிருக்குன்னு பாத்துட்டுத்தான் முடிவு சொல்லுவானாம். நாளைக்கு இங்கன வாரான். என்னய்யா போட்டிருக்கு?”

அடித்ததை அடிக்காமல் விட்டிருந்தால் குபேரனே வந்து பேத்திக்குப் பேர் விட்டிருப்பான். ஆனால் பொய்யை அச்சில் ஏற்ற அவருக்குக் கை வராது. எழுதியிருந்ததை அப்படியே படித்தார்.

குப்பம்மாளின் கை நின்றது. “இழிவா? எனக்கு முன்னால மூணு பிள்ளையப் பறிகுடுத்தா எங்கம்ம. நான் பிறந்ததும் என்னைக் குப்பமேட்டுல கொண்டு போட்டுட்டா. பக்கத்து வீட்டுக்காரி எடுத்து வச்சுக்கிட்டா. அவ கையில ஒரு படி தவிட்டக் குடுத்து, எங்கம்ம என்னைத் திரும்ப வாங்கினா. யாருக்கும் வேண்டாத பிள்ளைன்னு நினைச்சு எமன் விட்டுட்டுப் போகட்டும்னுதான் இந்தப் பேரு. இது உங்களுக்குத் தெரியாதாக்கும்?”

தெரியாமல் என்ன? சங்கரன்கோவிலில் பிறந்து வளர்ந்தவருக்கு இது தெரியாதா? இரண்டு பிள்ளைகளை மண்ணுக்குக் கொடுத்துவிட்டு, மூன்றாவதை மடியில் போட்டுக்கொண்டு அவர் மனைவி முத்துமாரியம்மாள் எவ்வளவு கெஞ்சினாள்! “பிச்சைன்னு விடுவோம். இந்த ஒரு தடவை என் பேச்சக் கேளுங்க.” ஊர் சிரிக்கும் என்றார் பண்டிதர். அறிவழகன் என்று வைத்தார். ஒன்பதாம் மாதம் காய்ச்சலில் அவனும் போய்விட்டான். பேரால் போகவில்லை, அது அவருக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். ஆனால் இந்தப் பன்னிரண்டு வருஷத்தில் ஒரு நாளும் அவள் அறிவழகா என்று அழுததில்லை. என் பிச்சையே என்றுதான் அழுவாள்.

தான் எழுதியதைப் பண்டிதரே அடித்தார். புதிதாக எழுதினார்.

மறுநாள் சாயங்காலம் மருதப்பன் வந்தான். புரூப்பை வாங்கி மாமியார் காதுபட வாசித்தான். “குப்பம்மாள்: பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய், இதுவாவது தங்கட்டும் என்று, ஊர் சிரிப்பைப் பாராமல் வைத்த பெயர்.” இன்னொரு தடவை வாய்க்குள்ளேயே வாசித்துக்கொண்டான்.

“அத்தை, வியாழக்கிழமை காலையில வெள்ளனமே வந்திருங்க. நீங்கதான் பிள்ளை காதுல பேரச் சொல்லணும்.”

“எந்தப் பேர?”

“உங்க பேரத்தான்.”

குப்பம்மாள் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். பண்டிதர் அந்தப் பக்கம் பார்க்காமல் தாள்களைப் புரட்டினார். ‘பி’ வரிசையில் பிச்சை என்ற பெயரே இல்லை. ஓரத்தில் அதை எழுதி, பக்கத்தில் இரண்டு புள்ளி வைத்தார். மேலே கை ஓடவில்லை.

“வீட்டுக்குக் கொண்டு போறேன் வே, காலையில தாரேன்” என்று ஜெயசிங்கிடம் சொல்லிவிட்டு, தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு கிளம்பினார். அந்தப் பேருக்குப் பொருளை முத்துமாரியம்மாளிடம்தான் கேட்க வேண்டும்.