ஓய்வு வாரத்தின் கொடி

பிறப்புப் பதிவேட்டுப் பிரிவில் பணிபுரியும் செனோபியாவுக்கு ஆண்டுக்கு ஒரு வாரம் வேலை போய்விடும். ஓராண்டு நிறைய மூன்று நாள் இருக்கையில் ஒப்பந்தம் தீரும். எட்டாம் நாள் புது ஒப்பந்தம் வரும். நாற்காலி அதே, மைப்பெட்டி அதே. அவள் மட்டும் புதியவள். நிரந்தரத் தன்மையுள்ள பணியில் ஓராண்டுக்கு மேல் இடைவெளியின்றி இருந்தவரைத் தகுந்த காரணமின்றி நீக்கலாகாது என்கிறது பெரு நாட்டுச் சட்டம். அந்த ஓராண்டு யாருக்கும் நிறைந்துவிடாமல் பார்த்துக்கொள்வது நகராட்சிப் பணியாளர் பிரிவின் தலைவர் தோன் அபுந்தியோவின் பொறுப்பு. பன்னிரண்டு ஆண்டுகளில் அவர் ஒரு நாள்கூடத் தவறவிட்டதில்லை.

நான்கு முறை புதியவளாகிவிட்ட செனோபியாவுக்கு இம்முறை கவலை பிறந்தது. ஜனவரியில் மேயர் மாறுகிறார். வருபவர் தம் ஆட்களோடு வருவார். ஒப்பந்தக்காரியை வீட்டுக்கு அனுப்ப ஒரு காரணமும் தேவையில்லை.

இவ்வாண்டு அவளது ஓய்வு வாரம் ஊரின் ஆண்டு விழா வாரத்தில் விழுந்தது. விழா என்றால் அணிவகுப்பு. ஒவ்வோர் அலுவலகத்தாரும் முழங்கால் மடங்காமல் காலை இடுப்புயரம் வீசிச் சதுக்கத்து மேடையைக் கடக்க வேண்டும். ஆறு ஆண்டுகளாகக் கோப்பை ஆசிரியர்களிடமே இருந்தது. அணிவகுப்புக்கும் பொறுப்பாளர் தோன் அபுந்தியோதான். மற்ற விஷயங்களில் நிதானமானவர். கோப்பை என்றால் மட்டும் அந்த நிதானம் பறந்துவிடும். நகராட்சியில் ஒழுங்காகக் கால் வீசத் தெரிந்தவளோ செனோபியா ஒருத்திதான்.

ஓய்வின் முதல் நாள், திங்கட்கிழமை, அவள் வீட்டு வாசலில் வந்து நின்றார்.

"மகளே, கொடி நீதான் பிடிக்கணும். இன்னைக்குச் சாயங்காலமே பயிற்சி."

"நான்தான் உங்க ஆளே இல்லையே, தோன் அபுந்தியோ. நேத்தோட முடிஞ்சுதுன்னு நீங்கதானே கையெழுத்து வாங்குனீங்க?"

"அது காகிதம். இது ஊர் மானம்."

"வேலையில இல்லாதவளை இறக்கினா வாத்தியாருங்க சும்மா விடுவாங்களா? ஊழியர்தான் நடக்கணும்னு சண்டை போட்டு விதி வாங்குனதே அவங்கதான்." அவள் சோளம் உரிப்பதை நிறுத்தவில்லை. "எழுத்துல குடுங்க. வாரம் பூரா வீசுறேன் காலை."

பிற்பகலிலேயே ஆணை வந்தது. நகராட்சி ஊழியரான செனோபியா அன்று முதல் விழா நிறைவுவரை நாள்தோறும் பணிக்கு வரவேண்டும். எண், தேதி, வட்ட முத்திரை, எதுவும் விடுபடவில்லை.

ஞாயிறன்று கோப்பை நகராட்சிக்கு வந்தது. ஆசிரியர் சங்கத் தலைவி உடனே எழுந்தாள்.

"கொடிக்காரி போன வாரமே நின்னுட்டாளாமே? சந்தை பூரா அதே பேச்சு."

தோன் அபுந்தியோ ஆணையின் நகலை நடுவர்கள்முன் உரக்கப் படித்தார். முத்திரையைத் தூக்கிக் காட்டினார். ஆட்சேபம் தள்ளுபடியாயிற்று.

மறுநாள் அவர் புது ஒப்பந்தத்தை நீட்டியபோது கோப்பை மேசைமேல் பளபளத்தது. செனோபியா பேனாவைத் தொடாமல் ஆணையை எடுத்து அதனருகில் வைத்தாள்.

"இதுபடி போன வாரமும் நான் வேலையிலதான். அப்புறம் எதுக்குப் புதுசா சேரணும்?"

"மகளே, அது அணிவகுப்புக்காகக் குடுத்தது."

"சரி, போன வாரம் நான் வேலையில இல்லைன்னு ஒரு வரி எழுதிக் குடுங்க. தலைவி அம்மா எதிர்லதான் இருக்காங்க. நானே காட்டிட்டு வர்றேன்."

சன்னலுக்கு வெளியே, சதுக்கத்து பெஞ்சில், தலைவி பாலாடைக்கட்டியோடு அவித்த சோளம் தின்றுகொண்டிருந்தாள். தோன் அபுந்தியோ கோப்பையைப் பார்த்தார், ஒப்பந்தத்தைப் பார்த்தார். சட்டத்தை அவர் பன்னிரண்டு ஆண்டுகளாக ஏய்த்திருந்தார். ஆசிரியர்களை ஒரே ஒருமுறைதான் வென்றிருந்தார்.

ஒப்பந்தத்தை நான்காகக் கிழித்தார். பிறகு தம் கையாலேயே சான்று எழுதினார்: ஓராண்டும் ஐந்து நாளும், இடையறாத பணி.

"நேத்தே இதையெல்லாம் யோசிச்சு வச்சிருந்தியா?" என்றார், முத்திரையின் ஈரத்தை ஊதியபடி.

"நேத்து எங்க யோசிக்க? கால் வலி உயிர் போச்சு. போன திங்கக்கிழமையே யோசிச்சதுதான்."

அவர் சிரிப்பை அடக்கப் பார்த்தார், முடியவில்லை. "அடுத்த வருஷமும் கொடி நீதான்."

"இங்கதானே இருப்பேன்."

பதிவேட்டுச் சன்னலின்முன் கைக்குழந்தையோடு ஒருவர் அரைமணியாக நின்றிருந்தார். செனோபியா சற்று நொண்டியபடி போய்ச் சன்னலைத் திறந்தாள்.