ஏழாம் தாழியின் ஒயின்

நவம்பர் மாதத்தில், அதுவும் செவ்வாய்க்கிழமையில், யாரும் ஒயின் ருசி பார்க்க வருவதில்லை. அறுவடை நாட்களில் வேன் வேனாக வந்து இறங்குவார்கள். தோட்டத்துக்குள் நின்று படம் எடுப்பார்கள், பாடுவார்கள், போய்விடுவார்கள். இலை கொட்டி, கொடிகளெல்லாம் குச்சி குச்சியாக நிற்கிற இந்தக் குளிரில் ஒருவர் தொலைபேசியில் அழைத்து, "நான் ஒரே ஆள்தான், சுத்திப் பாக்கணும், ருசி பாக்கணும்" என்றதும் ஹெகினேவுக்கு என்னவோ போலிருந்தது.

"தனியா வர்றாராம். பொண்டாட்டி இல்ல, கூட்டாளி இல்ல. தனியா யாராவது ஒயின் குடிக்க எரெவான் பட்டணத்துலேருந்து ரெண்டு மணி நேரம் வண்டி ஓட்டிட்டு வருவாங்களா?" என்றாள் கணவனிடம்.

கார்லென் அடுப்புக்கு விறகு பிளந்துகொண்டிருந்தான். "விருந்தாளி கடவுள் அனுப்பினவன். அவன்கிட்ட ஏன் வந்தேன்னு கேக்கிறதா?"

"கடவுள் அனுப்பினாரா, வரி ஆபீஸ் அனுப்பிச்சுதான்னு பாத்துக்கலாம்."

வந்தவர் பெயர் ஸாவென். ஐம்பது வயதிருக்கும். நரைத்த மீசை, பழைய கம்பளிக் கோட்டு, சேறு படாத காலணி. பள்ளிக்கூடத்தில் புவியியல் வாத்தியார் என்று சொல்லிக்கொண்டார். கார்லென் வழக்கம்போல ஆர்ப்பா ஆற்றைக் காட்டினான், எதிர்ப்பக்கச் செம்மலையைக் காட்டினான், தன் தாத்தா நட்ட கொடிகளைக் காட்டினான். புவியியல் வாத்தியார் மலையை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. கொட்டகைச் சுவரோரம் அடுக்கியிருந்த வெற்றுப் பாட்டில்களில் ஒன்றை எடுத்து, லேபிளின் ஓரத்தை நகத்தால் சுரண்டிப் பார்த்தார். ஹெகினே பார்க்கிறாள் என்று தெரிந்ததும் அதை மெல்ல இருந்த இடத்திலேயே வைத்தார்.

"லேபிளெல்லாம் நீங்களே ஒட்டுவீங்களா அம்மா?"

"நாங்கதான் ஒட்டுவோம். ஏன்?"

"சும்மாதான் கேட்டேன். அழகா இருக்கு."

அழகாக ஒன்றும் இல்லை. பழுப்புக் காகிதம், நடுவில் ஒரு மாதுளம்பழம், அதன் கீழே தாழியின் எண்ணையும் அறுவடை ஆண்டையும் ஹெகினே கையால் எழுதுவாள். அவ்வளவுதான். ஆற்றின் அந்தப் பக்கம் புதிதாக வந்திருக்கும் பெரிய ஒயின் ஆலையின் ஆளாக இருப்பாரோ என்று அவளுக்குத் தோன்றியது. நம்முடையதைப் பார்த்துப் போய் அப்படியே காப்பியடிக்கப் பார்க்கிறார்கள். அந்த எண்ணம் வந்த பிறகு அவர் கையை எங்கே வைக்கிறார், கண்ணை எங்கே ஓட்டுகிறார் என்பதை விட்டு அவள் பார்வை நகரவில்லை.

தாழி அறை வீட்டுக்குப் பின்னால் மலையைக் குடைந்து எடுத்தது. ஒயின் ஊறுகிற ஒன்பது மண் தாழிகள் கழுத்துவரை மண்ணில் புதைந்திருந்தன. ஒவ்வொரு மூடியிலும் சுண்ணாம்பால் எண் போட்டிருந்தது. கார்லென் விளக்கைப் பிடித்துக்கொண்டு, மிதித்த திராட்சை தோலோடு எத்தனை நாள் கிடக்கும், தாழிக்குள் தேன்மெழுகு பூசுவது எதற்கு என்றெல்லாம் உற்சாகமாகச் சொல்லிக்கொண்டு போனான். ஸாவென் எட்டைத் தாண்டினார், ஒன்பதைத் தாண்டினார், திரும்பி வந்து ஏழின் பக்கத்தில் மண்டியிட்டார். மூடியைத் தூக்கி உள்ளே முகர்ந்தார்.

"இது காலியா இருக்கே."

"அதுக்கு இந்த வருஷம் ஓய்வு குடுத்திருக்கோம்" என்றான் கார்லென்.

ஹெகினே திடுக்கிட்டாள். பிப்ரவரியில் உறைபனி இறங்கிய வாரத்தில் ஏழாம் தாழி அடியில் விரிசல் விட்டு, போன ஆண்டு அறுவடையின் ஒயின் அத்தனையும் மண்ணுக்குள் போய்விட்டது. கார்லென் இரண்டு நாள் சாப்பிடவில்லை. அதை வெளியாரிடம் சொல்ல அவனுக்கு வெட்கம் என்பது அவளுக்குத் தெரியும். தாழியைக் காப்பாற்றத் தெரியாதவன் என்று பெயர் வருமே. ஆனாலும் இருபது வருஷத்தில் அவன் இவ்வளவு சுலபமாகப் பொய் சொல்லி அவள் கேட்டதில்லை.

"ஓய்வா? எப்பலேருந்து?" என்றார் ஸாவென்.

"இந்த வருஷந்தான்."

"அப்போ போன வருஷ அறுவடை ஒயின் இதுலேருந்து பாட்டிலுக்குப் போயிடுச்சா?"

கார்லென் விளக்கைக் கை மாற்றிக்கொண்டான். "மேல போவோம் வாங்க, ரொட்டி ஆறிடும்."

ஸாவென் மெதுவாக எழுந்து முழங்கால் மண்ணைத் தட்டினார். அவர் முகத்தில் வந்தது வருத்தமா, 'பிடித்துவிட்டேன்' என்ற திருப்தியா என்று ஹெகினேவுக்குப் புரியவில்லை.

மேலே மேசையில் லவாஷ் ரொட்டி, ஆட்டுப்பால் பாலாடைக்கட்டி, உப்புக்கண்டம், வாதுமை எல்லாம் பரப்பியிருந்தது. விருந்தாளி எதையும் தொடவில்லை. கார்லென் ஊற்றிக் கொடுத்த ஒவ்வொரு கோப்பையையும் வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தார், முகர்ந்தார், ஒரு வாய் எடுத்துச் சுழற்றிப் பக்கத்துக் குவளையில் துப்பினார். கார்லென் எழுந்து நின்று மறைந்தவர்களுக்காகவும் இருப்பவர்களுக்காகவும் கோப்பை உயர்த்தியபோது மட்டும் மரியாதைக்கு ஒரு சொட்டு விழுங்கினார்.

வாத்தியாராம்! ஒயின் தொழில்காரர்கள்தான் இப்படி ருசி பார்த்துத் துப்புவார்கள். ஹெகினே கோபத்தோடு தண்ணீர் எடுக்க வெளியே போனவள், அவருடைய காருக்குள் எட்டிப் பார்த்தாள். பின் இருக்கையில் செய்தித்தாளில் சுற்றிய ஒரு பாட்டில். தாள் கிழிந்த இடத்தில் பாதி மாதுளம்பழம் தெரிந்தது. அவளுடைய மாதுளம்பழம்.

ஒயின் வாங்க வருகிறவர் அதே ஒயினை ஏன் ஒளித்துக் கொண்டுவர வேண்டும்? கார் பூட்டியிருக்கவில்லை. பாட்டிலை எடுத்துக்கொண்டு நேராக உள்ளே வந்து மேசையில் டக்கென்று வைத்தாள்.

"வாத்தியாரய்யா, இது எந்த நாட்டு மேப்பு?"

கார்லென் பதறி எழுந்தான். "ஹெகினே! விருந்தாளி வண்டில கைய வெக்கிறதா!"

ஸாவென் கோபப்படவில்லை. வாயைத் துணியால் துடைத்துக்கொண்டார். "நல்லதாப் போச்சு. நானே கொண்டு வரணும்னுதான் இருந்தேன். பதினோரு வருஷம் நிஜமாவே வாத்தியார்தாம்மா. இப்போ எரெவான்ல ஒரு சின்னச் சாப்பாட்டுக்கடை வெச்சிருக்கேன். உங்க ஒயினை ரெண்டு வருஷமா எல்லாருக்கும் நாந்தான் ஊத்திக் குடுக்கிறேன். போன மாசம் ஒரு பழைய வாடிக்கைக்காரர் ஒரு வாய் குடிச்சிட்டுக் கோப்பையத் தள்ளி வெச்சார். 'ஸாவென், நீ எப்பலேருந்து ஏமாத்த ஆரம்பிச்ச?'ன்னு கேட்டார். அத்தனை பேர் முன்னால. நீங்களே குடிச்சுப் பாருங்க."

ஹெகினே குடித்தாள். முதலில் சர்க்கரை, பிறகு வேகவைத்த பழத்தின் வாடை, கடைசியில் தொண்டையில் ஒரு எரிச்சல். அவர்கள் தோட்டத்து அரேனித் திராட்சையின் சாயலே இல்லை. லேபிள் மட்டும் அவளுடையது. அதில் எழுதியிருந்தது: தாழி 7. போன ஆண்டின் அறுவடை.

அந்த ஒயினை மண் குடித்து ஒன்பது மாதமாகிறது.

அவள் முதலில் திரும்பிப் பார்த்தது கணவனைத்தான். கீழே அவன் சொன்ன பொய் இன்னும் காதிலேயே இருந்தது. "நீயா?" என்று வாய்விட்டே கேட்டுவிட்டாள்.

"நானா?" கார்லென் பாட்டிலை வாங்கிக் குடித்தான். அவன் முகம் சுருங்கி வயதானது போலாயிற்று. "ஐயா, அந்தத் தாழி உடைஞ்சு போச்சு. ஓய்வுன்னு சொன்னது பொய்தான். வெக்கத்துல சொல்லிட்டேன். ஆனா இது நான் இல்ல."

ஸாவென் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "தப்பா நினைக்காதீங்க. ஒருத்தர் பொய் சொல்றீங்க, ஒருத்தர் வண்டியத் திறக்கிறீங்க. ரெண்டு பேரும் சேந்து நடிக்கிறீங்களோன்னு எனக்குத் தோணாதா?"

இவ்வளவு நேரம் அவரைத் திருடனாகப் பார்த்தவள் அவள்தானே. பாட்டிலை ஜன்னலோரம் கொண்டுபோய் எழுத்தைப் பார்த்தாள். அவள் கையெழுத்து மாதிரியே சாய்வு, அவள் மாதிரியே அழுத்தம். ஆனால் ஏழின் இடுப்பில் அவள் எப்போதும் போடும் குறுக்குக் கோடு இல்லை.

வெளியே வேன் சத்தம் கேட்டது. கார்லெனின் தம்பி நொராயிர், எரெவானில் பெட்டிகளை இறக்கிவிட்டு வந்திருந்தான். கடைகளுக்கு எப்போதும் போய்வருவது அவன்தான். வீட்டில் அதிகம் சிரிப்பவன் அவன். கையில் ஒரு பை ஆரஞ்சோடு உள்ளே நுழைந்தவன், மேசையில் இருந்த ஆளைப் பார்த்ததும் வாசலிலேயே நின்றான். மாதம் ஒருமுறை பெட்டி இறக்குகிற கடைக்காரரைத் தெரியாமல் போகுமா?

"வாங்க வாங்க, ஸாவென் ஐயா! சொல்லவே இல்லையே!" குரல் கொஞ்சம் அதிகமாகவே உயர்ந்தது.

ஹெகினே ஒரு பேனாவையும் காகிதத்தையும் நீட்டினாள். "ஏழுன்னு எழுது."

"என்ன அண்ணி, பள்ளிக்கூடம் நடத்துறீங்களா?"

"எழுது."

எழுதினான். குறுக்குக் கோடு இல்லை. அவள் காகிதத்தைப் பாட்டிலுக்குப் பக்கத்தில் வைத்தாள். ஒரு ஆரஞ்சு பையிலிருந்து விழுந்து மேசைக்கடியில் உருண்டது.

"வேற என்ன பண்றது?" என்றான் நொராயிர் கடைசியில். "ஏழு கடைக்கு வாக்குக் குடுத்திருந்தோம். தாழி உடைஞ்சிடுச்சுன்னு சொன்னா, அடுத்த வருஷம் ஒருத்தன் நம்ம வாசல மிதிப்பானா? ரோட்டோரம் பிளாஸ்டிக் பாட்டில்ல ஒயின் விக்கிறான்ல, அவன்கிட்ட வாங்கி ஊத்தினேன். ஒரே ஒரு தடவைதான். அண்ணன் பேரைக் காப்பாத்தத்தான் செஞ்சேன்."

"என் பேரையா?" கார்லென் பாட்டிலை அவன் பக்கம் தள்ளினான். "டேய், என் பேரைக் காப்பாத்தவா அதுல சர்க்கரைத் தண்ணிய ஊத்தின?"

"நீ மட்டும் என்ன, வர்றவங்ககிட்டயெல்லாம் ஓய்வுன்னு சொல்லிட்டிருக்க. நீ வாயால சொன்ன, நான் பாட்டில்ல சொன்னேன்."

கார்லென் கை ஓங்கினான். ஹெகினே நடுவில் வந்து நின்றாள். அடித்தால் அத்தோடு தீர்ந்தது என்று இரண்டு பேரும் நினைத்துக்கொள்வார்கள். அவள் அப்படித் தீர விடுவதாக இல்லை.

"நாளைக்குக் காலைல நீயும் நானும் ஏழு கடைக்கும் போறோம். ஒவ்வொரு கடையிலயும் பாட்டிலத் திருப்பி வாங்கிட்டு, என்ன ஊத்தினேன்னு நீயே உன் வாயால சொல்லணும்."

"நானே போய்ச் சொல்லிட்டு வந்துடறேன் அண்ணி, நீங்க எதுக்குக் குளிர்ல..."

"உன்னை நம்பித் தனியா அனுப்பவா? நான் பக்கத்துல நிப்பேன்."

ஸாவென் கோட்டை மாட்டிக்கொண்டார். மேசையில் ருசி பார்த்த கோப்பைகள் பாதி பாதியாக நின்றன. "இந்த மூணாம் தாழி ஒயின் நல்லாத்தான் இருக்கு" என்றார். "ஆனா இன்னிக்கு எதையும் வாங்க மாட்டேன். நீங்க சொல்றத நம்பணும்னு ஆசையா இருக்கு. இப்போதைக்கு முடியல."

"நம்ப வேண்டாம். நாளைக்கு மூணாவதா உங்க கடைக்குத்தான் வருவோம்" என்றாள் ஹெகினே.

மறுநாள் ஏழு கடைகளிலும் நொராயிர் சொன்னான். முதல் கடையில் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான். நான்காவதில் திட்டு வாங்கினான். ஐந்தாவதில் கடைக்கார அம்மாள், "எனக்குத் தெரியவே இல்லையே, வந்தவங்க நல்லாத்தானே குடிச்சாங்க" என்று சிரித்தபோதுதான் அவனுக்குக் கண் கலங்கியது. அந்தக் குளிர்காலத்தில் நான்கு கடைகள் அவர்களை விட்டுப் போயின. கார்லென் அதன் பிறகு வந்த விருந்தாளிகளிடம் ஏழாம் தாழி உடைந்த கதையைத் தானே சொல்லத் தொடங்கினான்.

நொராயிர் அதே வீட்டில்தான் இருந்தான். சிரிப்பும் மெல்லத் திரும்பி வந்தது. ஆனால் வேன் கிளம்பும்போதெல்லாம் ஹெகினே வெளியே வந்து ஒரு பெட்டியையாவது பிரித்துப் பார்த்துவிட்டுத்தான் அனுப்பினாள். அவன் முகம் கருக்கும். அவளுக்கும் அது பிடிக்கவில்லை. ஆனாலும் பார்த்தாள்.

மே மாதம் ஸாவென் ஒரு பெட்டி கேட்டு ஆள் அனுப்பினார். ஹெகினே தானே கொண்டுபோனாள். அவர் பெட்டியைத் திறந்து, மேலே இருந்ததை விட்டுவிட்டு நடுவிலிருந்து ஒரு பாட்டிலை உருவி, அவள் கண்ணெதிரிலேயே திறந்தார். ஊற்றினார், முகர்ந்தார், வாயில் வைத்துக்கொண்டு ஜன்னலைப் பார்த்தபடி நின்றார். உட்காரச் சொல்லவில்லை. அவள் கோட்டைக் கழற்றாமல் பெட்டியின் பக்கத்திலேயே நின்றாள். அவளுக்கு அது அவமானமாகப் படவில்லை. அவர் இடத்தில் இருந்தால் அவள் இரண்டு பாட்டில் திறந்திருப்பாள்.

இந்தத் தடவை அவர் துப்பவில்லை. விழுங்கினார். அப்புறம் உள்ளே போய் அவளுக்கு ஒரு நாற்காலி எடுத்துவந்தார்.