ஞானசிகாமணியின் நேற்றைய குரல்

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஏழாம் வருஷம் புரட்டாசி மாதத்திலிருந்து, ஸ்ரீவைகுண்டத்து ஞானசிகாமணி பேசியது எதுவும் அன்றைக்குக் கேட்பதில்லை. மறுநாள், அவர் நின்று பேசிய அதே இடத்தில், பேசிய அதே நேரத்தில்தான் கேட்கும். பாளையங்கோட்டை மிஷன் ஆஸ்பத்திரி டாக்டர் அவர் தொண்டைக்குள் கண்ணாடி வைத்துப் பார்த்துவிட்டு, இவ்வளவு நல்ல தொண்டையைத் தான் பார்த்ததில்லை என்று சொல்லி அனுப்பிவிட்டார். அந்த வருஷம் கருப்பட்டி விலை ஏறிக் கிடந்ததால் ஊரில் இதைப் பற்றி யாரும் அதிகம் பேசவில்லை.

அவர் மனைவி பாக்கியவதி அடுத்த வருஷம் சித்திரையில் வாந்திபேதியில் இறந்துபோனாள். கட்டிலின் தலைமாட்டில் முழங்கால் போட்டு அவர் அவளிடம் ஏதோ சொன்னார். அவள் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டுக் கண்ணை மூடினாள். மறுநாள் பிற்பகல் மூன்று மணிக்கு, கழுவிக் கவிழ்த்து வைத்திருந்த வெறுங்கட்டிலின் பக்கத்திலிருந்து, “போயிராதட்டி பாக்கியம், நான் ஒத்தையில என்ன செய்வேன்” என்று குரல் வந்தது. அப்போது வீட்டில் அவரும் ஒன்பது வயது மகள் லில்லியும் மட்டும் இருந்தார்கள். லில்லி கட்டிலைப் பார்த்தாள், பிறகு அப்பாவைப் பார்த்தாள், பிறகு அடுப்பில் உலை வைக்கப் போனாள்.

பிழைப்புக்கு அவர் ஹபீப் முகம்மதின் கருப்பட்டிச் சரக்கு வைக்கும் கிட்டங்கியில் பகல் காவலுக்குச் சேர்ந்தார். ஒரு கம்பும், ஒரு பித்தளை ஊதலும், காக்கிச் சட்டை ஒன்றும் கொடுத்தார்கள். கம்பு அவருடைய கணுக்காலைத் தவிர வேறு யாரையும் அடித்ததில்லை. ஊதலின் சத்தமும் அவர் மூச்சுதானே, அதுவும் மறுநாள்தான் கேட்டது. சேர்ந்த முதல் நாளே, உள்ளே எலி ஓடுகிறதா என்று பார்க்கப் போய்க் கதவைச் சாத்தினார். வெளித் தாழ்ப்பாள் தானாக விழுந்துவிட்டது. நடுப்பகலிலிருந்து அந்தி வரை உள்ளே கிடந்தவரை, இரவுக் காவலுக்கு வந்த வேதமுத்து திறந்துவிட்டார். அதோடு போயிருந்தால் பரவாயில்லை. மறுநாள் நடுப்பகலில், ஞானசிகாமணி சாப்பிடப் போயிருந்த நேரம், பூட்டிய கிட்டங்கிக்குள்ளிருந்து “கதவத் திறங்க, மூச்சு முட்டுது” என்று கூப்பாடு கேட்க, தெருவில் போன மூன்று பேர் கடப்பாரையால் கதவை நெம்பி உடைத்துவிட்டார்கள். ஆசாரி வரும்வரைக்கும் என்று அந்தக் கதவை நார்க்கயிற்றால் கட்டி வைத்தார்கள். ஆசாரி ஒரு வருஷமாகியும் வரவில்லை.

அடுத்த மாதம், உள்ளே நுழைந்த ஆட்டைப் பார்த்து, “ஏலே, வெளிய போலே, களவாணி மூதி” என்று அவர் விரட்டியது, மறுநாள் அதே வாசலில் நின்ற தாசில்தாரின் காதருகே கேட்டது. தாசில்தார் கையில் வாங்கிய இளநீரைக் குடிக்காமலே வண்டி ஏறினார்.

“நீரு பேசாமலே இரும்வே,” என்றார் ஹபீப் முகம்மது. “வாயிருக்க காவக்காரனுக்குத்தான் சம்பளம் குடுக்கேன். ஆனா உமக்கு வாயில்லாம இருந்தாத்தான் எனக்கு யாவாரம்.”

பேசாமல் இருக்க அவரால் முடியவில்லை. ஆனால் அன்றிலிருந்து ஒன்று செய்தார். நாளைக்கு அந்த இடத்தில் யார் நிற்பார்கள் என்பது இன்றைக்குத் தெரியாது அல்லவா. ஆகவே ஆடு, காக்கை, ஆள் என்று பார்க்காமல் எல்லோரையும் மரியாதையாகவே அழைத்தார். “பைய வெளிய போங்க அண்ணாச்சி” என்று அவர் சத்தமில்லாமல் வாயசைக்க, ஆடுகள் பையவே போயின. காலை எட்டு மணிக்கு வாசலில் தனியாக நின்று, மறுநாள் வரப்போகிற வியாபாரிகளை வரவேற்று வைப்பதையும் வழக்கமாக்கிக்கொண்டார்.

வீட்டில்தான் பேச்சு குறைந்துபோயிற்று. லில்லி இன்று கேட்டதற்கு அவர் பதில் நாளைக்கு வரும். அதற்குள் அவளுக்குக் கேட்டதே மறந்திருக்கும். கையாலும் கண்ணாலும் சோறு, தண்ணீர், தூக்கம் வரைக்கும் பேச முடிந்தது. அதற்கு மேல் இருந்ததையெல்லாம் இரண்டு பேரும் அப்படியே வைத்திருந்தார்கள்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஒன்பதில், பாளையங்கோட்டையில் தங்கிப் படிக்க லில்லிக்கு இடம் கிடைத்தது. மிஷன் கோவில் உபதேசியார் மனைவி சாரம்மாள் தன் வண்டியில் கூட்டிப்போவதாகச் சொன்னாள். திங்கட்கிழமை காலை எட்டு மணிக்கு, அணைக்கட்டின் வடகரை முனையில் வண்டி நிற்கும். இதைக் கேட்டதிலிருந்து ஞானசிகாமணிக்குத் தூக்கம் இல்லை. வெறுங்கட்டிலோடு பேசியது போல வெறும் அணைக்கட்டோடு ஒருமுறை பேச அவருக்குத் தெம்பு இல்லை. இந்த ஒரு தடவை அவர் குரல் நேரத்துக்கு வந்தாக வேண்டும்.

ஆகவே ஞாயிற்றுக்கிழமையே கிட்டங்கியை விட்டுவிட்டு அணைக்கட்டுக்குப் போனார். தாலுகா கச்சேரி மணி எட்டு அடித்ததும், வண்டியின் பின்பக்கம் எங்கே இருக்குமோ அந்த வெற்றிடத்தைப் பார்த்துப் பேசத் தொடங்கினார். ஒவ்வொன்றையும் கேட்டுவிட்டு, லில்லி பதில் சொல்ல எவ்வளவு நேரம் ஆகுமோ அவ்வளவு நேரம் நிறுத்தினார். என்ன சொல்வாள் என்று தானே நினைத்துத் தலையை ஆட்டினார். ஆற்றில் துணி துவைத்துக்கொண்டிருந்த ஒருவர், சத்தமில்லாமல் வாயசைத்துக் காற்றிடம் தலையாட்டுகிற ஆளைப் பார்த்துவிட்டு, அடுத்த வேட்டியை எடுத்தார்.

அதே நேரத்தில் கிட்டங்கியில் அப்பாத்துரை நார்க்கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தான். வாழைத்தார் சுமக்கிறவன். முப்பது வயதாகியும் அவனை ‘லே’ போடாமல் கூப்பிட்டவர்கள் கிடையாது. ஒரு சிப்பம் கருப்பட்டியைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு வாசலுக்கு வந்தபோது, ஆளில்லாத இடத்திலிருந்து ஒரு குரல், “வாங்க அண்ணாச்சி. நடந்தா வந்திய? களைச்சிருப்பிய. உக்காருங்க, பானையில தண்ணி இருக்கு” என்றது.

அப்பாத்துரை சிப்பத்தை இறக்கி வைத்தான். பானையில் தண்ணீர் மொண்டு குடித்தான். பிறகு உட்கார்ந்தான்.

அரைமணி கழித்துத் திரும்பிய ஞானசிகாமணி, அவிழ்ந்த கயிற்றையும் சிப்பத்தையும் ஆளையும் ஒருசேரப் பார்த்தார். கம்பை ஓங்கிக்கொண்டு பாய்ந்தார். கம்பு அவர் கால்களுக்கு நடுவில் புகுந்துகொள்ள, அப்பாத்துரையின் தலைக்கு மேலாகப் போய் அடுக்கின் மேல் விழுந்தார். அடுக்கு சரிந்தது. ஓலைச் சிப்பங்கள் ஒவ்வொன்றாக உருண்டு வந்து அவரை மூடின. உள்ளேயிருந்து ஒரு கை மட்டும் நீண்டு, அப்பாத்துரையின் இடுப்பு வேட்டியை விடாமல் பிடித்துக்கொண்டது. வேட்டியைக் காப்பாற்ற வேண்டுமென்றால் ஆளை வெளியே இழுப்பதைத் தவிர அவனுக்கு வேறு வழியில்லை.

“என்னவே, வாயத் தொறந்து தொறந்து மூடுதீரு, ஒரு சத்தத்தையும் காணோம்?” என்றவன், காவல்காரர் குரலைப் பற்றி ஊரில் கேள்விப்பட்டது நினைவு வர, அவர் முகத்தையே பார்த்தான். “அண்ணாச்சின்னு சொன்ன குரலு உமக்குள்ளதா? நேத்தே சொல்லி வச்சீரா?”

ஞானசிகாமணி தலையாட்டினார்.

“எனக்குன்னா சொன்னீரு?”

அவர் கொஞ்சம் யோசித்தார். அதற்கும் தலையாட்டினார். இருவரும் மத்தியானம் வரைக்கும் சிப்பங்களை அடுக்கினார்கள். யாரும் யாரிடமும் இதைச் சொல்லவில்லை.

திங்கட்கிழமை சாரம்மாள் ஏழரை மணிக்கே வந்துவிட்டாள். வெயிலுக்குப் பயந்தவள். ஞானசிகாமணி கச்சேரி இருந்த திசையைக் காட்டினார், எட்டு விரலைக் காட்டினார், கையைக் கூப்பினார்.

“எட்டு மணிக்கு வெயிலு மண்டையப் பொளந்துரும். ஏறுட்டி லில்லி,” என்றாள் சாரம்மாள். “உங்கப்பாவுக்கு என்ன, நாளைக்குச் சொல்லுவாரு.”

வண்டி நகர்ந்தது. காவல்காரராக யாரையும் ஒருநாளும் தடுத்திராத மனிதர் மாடுகளுக்கு முன்னால் குதித்தார். ஊதலை ஊதினார், சத்தம் இல்லை. நுகத்தடியைப் பிடித்துத் தொங்கினார். மாடுகள் அவரையும் சேர்த்து நாலடி இழுத்தன. குறுக்கே படுத்துப் பார்த்தார். வலது மாடு அவர் தலைப்பாகையை முகர்ந்துவிட்டுத் தின்னத் தொடங்கியது, இடது மாடு சுற்றிக்கொண்டு போகப் பார்த்தது. அப்போது தென்கரையிலிருந்து தலையில் இரண்டு தாரோடு வந்த அப்பாத்துரை இதையெல்லாம் பார்த்தான். இரண்டு தாரையும் மாடுகளின் முன்னால் போட்டான். நன்றாகப் பழுத்த நாட்டுப்பழம். வண்டிக்காரன் அடித்தும், சாரம்மாள் ஏசியும், பழம் தீரும்வரை மாடுகள் அசையவில்லை. கச்சேரி மணி எட்டு அடித்தது.

“லில்லி,” என்றது குரல், வண்டியின் பின்பக்கத்திலிருந்து. “வண்டி ஓரமா உக்காராத, என்ன?”

“ஓரமாத்தான் இருக்கேன்,” என்றாள் லில்லி.

“அதான் நல்ல பிள்ளை. சாப்பிட்டியாட்டி?”

“இல்ல.”

“நல்லது,” என்றது குரல், நிறைந்த திருப்தியோடு.

வண்டிக்காரன் சிரித்துவிட்டான். சாரம்மாளும் முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். மண்ணில் உட்கார்ந்திருந்த ஞானசிகாமணி, தன் கணக்கு எங்கே தப்பியது என்று மகளைப் பார்த்து விழித்தார்.

“அழுதியா?” என்று கேட்டது குரல். அதற்கு அவர் முந்தின நாள் நெடுநேரம் இடைவெளி விட்டிருந்தார். மாடுகள் தோலை மென்றுகொண்டிருந்தன. “சரி. உங்கம்மாகிட்ட நான் சொன்னது மறுநாளுதான் வந்துச்சு. இன்னைக்கு அப்படியில்ல. இன்னைக்கு நேரத்துக்கு வந்துட்டேன், பாத்தியா.”

வண்டி போயிற்று. அது கண்ணுக்கு மறைந்த பிறகு அவர் ஏதோ சொன்னார். செவ்வாய்க்கிழமை அந்த நேரத்தில், ஆளில்லாத முனையிலிருந்து “லில்லி, லில்லி” என்று இரண்டு தடவை கேட்டது. துவைத்துக்கொண்டிருந்தவர் நிமிராமலே, “பிள்ளை நேத்தே போயிட்டு, அண்ணாச்சி” என்றார்.

அதன்பின் எட்டு வருஷம். லீவுக்கு லில்லி வருகிற நாளுக்கு முந்தின நாளே அவர் அணைக்கட்டுக்குப் போய் வரவேற்று வைத்துவிட்டு வருவார். மற்ற நாட்களில் வேலை முடிந்து வீட்டுக்குள் நுழைந்தால், நேற்று அந்நேரம் அவர் கேட்டிருந்தது காத்திருக்கும். “யாரும் வந்தாங்களா?” என்று அவருடைய குரலே கேட்கும். இல்லை என்று தலையாட்டிவிட்டு, நாளைக்காக அதையே இன்னொரு தடவை கேட்டு வைப்பார். அந்த வீட்டில் நடந்த பேச்சு அவ்வளவுதான். வேதமுத்து வேலையை விட்டபோது, இரவுக் காவலுக்கு ஞானசிகாமணி அப்பாத்துரையைச் சேர்த்துவிட்டார். திருட்டு எதுவும் நடக்கவில்லை. ஆசாரி வரவுமில்லை.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினேழு ஐப்பசியில் அவருக்குக் காய்ச்சல் கண்டது. பாளையங்கோட்டைப் பள்ளிக்கூடத்தில் வாத்திச்சியாக இருந்த லில்லிக்கு அப்பாத்துரை தந்தி கொடுத்தான். ஆற்றில் வெள்ளம், பாதை உடைந்து வண்டிகள் வழியில் நின்றன. திங்கட்கிழமை காலை ஒன்பது மணிக்கு ஞானசிகாமணி தலையணையில் சாய்ந்து உட்கார்ந்து, ஆளில்லாத வாசலைப் பார்த்து வாயசைத்தார். நிறுத்தினார், தலையாட்டினார், மறுபடி வாயசைத்தார். பார்க்க வந்தவர்கள் ஜன்னி என்றார்கள். அப்பாத்துரை மட்டும் கச்சேரி மணியை எண்ணி வைத்துக்கொண்டான். மத்தியானம் அவர் போய்விட்டார். மழைக்காலமாதலால் அன்று அந்தியிலேயே அடக்கம் செய்தார்கள்.

செவ்வாய் காலை எட்டரைக்கு லில்லி வந்து சேர்ந்தாள். துக்கம் கேட்க வந்த பெண்கள் அழத் தொடங்கினார்கள். அப்பாத்துரை கையை உயர்த்தி, “சத்தம் போடாதிய. அண்ணாச்சி இன்னும் பேசல,” என்றான். அவளை வாசலில் நிறுத்தினான். எல்லோரும் வாயை மூடிக்கொண்டு நின்றார்கள். மணி ஒன்பது அடித்தது.

“வந்துட்டியாட்டி?” என்றது கட்டில்.

“வந்துட்டேம்ப்பா.”

“வெள்ளத்துல களைச்சிருப்ப. பானையில தண்ணி இருக்கு. சாப்பிட்டியா?”

தந்தி வந்ததிலிருந்து அவள் பல்லில் பச்சைத் தண்ணீர் படவில்லை.

“சாப்பிட்டேம்ப்பா,” என்றாள் லில்லி.

“நல்லது,” என்றது குரல். பிறகு, “அழுதியா?” என்று கேட்டது.

அதற்கு அவர் விட்டிருந்த இடைவெளி, அவள் அழுது முடிக்கச் சரியாக இருந்தது.

“சரி,” என்றது குரல்.

அதற்கு மேல் ஒன்றும் வரவில்லை. அப்பாத்துரை கால்மணி நேரம் பார்த்துவிட்டுத் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிட்டங்கியைத் திறக்கப் போனான். காய்ச்சலில் கிடந்ததால் அண்ணாச்சி அங்கே எதுவும் சொல்லி வைத்திருக்கவில்லை. அதனால் முதல் ஆளாக உள்ளே வந்த ஆட்டிடம், வாங்க என்று அவனே சொன்னான்.